ஒரு மணி நேரம் போனில் பேசினால் டாலரில் காசாமே! இந்தத் தொழிலை ஆரம்பித்த மார்க் கெர்சன் யார்?

#1 மலுமிச்சம்பட்டிக்காரன்

வணக்கம். கோவையில் ஒரு பம்பு கம்பெனியில் 26 வருடம் கொள்முதல் பிரிவில் இருந்துவிட்டு, ஐந்து மாதத்துக்கு முன்புதான் ஓய்வு பெற்றேன். போன வாரம் லிங்க்ட்இன்னில் ஒரு பெண் செய்தி அனுப்பியிருந்தார். விவசாய பம்பு சந்தை பற்றி அவர்களுடைய வாடிக்கையாளர் என்னோடு ஒரு மணி நேரம் போனில் பேச வேண்டுமாம். மணிக்கு எவ்வளவு கட்டணம் என்று டாலரில் சொல்லச் சொல்கிறார். யார் அந்த வாடிக்கையாளர் என்று கேட்டால் மட்டும் வாயைத் திறக்க மாட்டேன் என்கிறார்.

"அப்பா, ஓடிபி மட்டும் யாருக்கும் சொல்லிடாதீங்க" என்கிறான் பையன். நானே தேடிப் பார்த்தேன். துறை தெரிந்தவர்களைப் பிடித்து முதலீட்டாளர்களோடு பேசவைப்பது, எக்ஸ்பர்ட் நெட்வொர்க் என்று ஒரு தொழிலே இருக்கிறதாம். கெர்சன் லேர்மன் குரூப், சுருக்கமாக ஜிஎல்ஜி, தான் அதில் மூத்தது என்றும் மார்க் கெர்சன் என்பவர் ஆரம்பித்தது என்றும் போட்டிருக்கிறது. எனக்குச் செய்தி அனுப்பியது அந்தக் கம்பெனி இல்லை, அதே தொழிலில் இருக்கும் வேறொன்று. இந்த ஆள் யார், பேச்சை எப்படித் தொழிலாக்கினார், நான் நம்பிப் பேசலாமா? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

#2 வெட்டிவேலை

அண்ணா, என் மாமனாரை ஒரு மணி நேரம் பேசாமல் இருக்கச் சொல்லி நான் டாலர் தரத் தயாராக இருக்கிறேன். அந்தப் பெண்ணின் நம்பர் கிடைக்குமா?

#3 ஹட்சன்கரை

மோசடி இல்லை ஐயா, உண்மையான தொழில்தான். நான் நியூஜெர்சியில் இருக்கிறேன். வேலை நிமித்தமாக இந்தக் கம்பெனிகளோடு பத்து வருடப் பழக்கம் உண்டு.

கெர்சனின் கதை வேடிக்கையானது. நிதித் துறையில் பிழைத்தவர் இல்லை. வில்லியம்ஸ் கல்லூரியில் படித்தார், ஜெர்சி சிட்டியில் ஒரு கத்தோலிக்கப் பள்ளியில் ஓராண்டு வாத்தியார் வேலை பார்த்தார் (அவர் யூதர் என்பதையும் சேர்த்துப் படியுங்கள்), அப்புறம் யேலில் சட்டம். அதற்குள் இரண்டு புத்தகமும் எழுதிவிட்டார். வக்கீல் கோட்டு மாட்ட வேண்டிய நேரத்தில், 1998-ல், நண்பர் தாமஸ் லேர்மனோடு சேர்ந்து நியூயார்க்கில் கம்பெனி தொடங்கினார்.

முதலில் அவர்கள் விற்க நினைத்தது பேச்சை இல்லை, புத்தகத்தை. ஒவ்வொரு துறைக்கும் விவரம் தெரிந்த ஆட்களைப் பிடித்து வழிகாட்டி எழுதவைத்து, முதலீட்டாளர்களுக்கு விற்பது என்று திட்டம். ஹெட்ஜ் ஃபண்டுக்காரர்களுக்கு (பணக்காரர்களின் பணத்தைத் திரட்டிப் பங்குகளில் போடுகிறவர்கள்) படிக்கப் பொறுமை இல்லை. "புத்தகம் கிடக்கட்டும், எழுதினவரோடு பேச முடியுமா?" என்பதுதான் அவர்களின் கேள்வியாக இருந்தது.

நம்மில் பலரும் அந்த இடத்தில் புத்தகத்தை இன்னும் நன்றாக எழுதப் பார்த்திருப்போம். அட்டையை மாற்றுவோம், விலையைக் குறைப்போம். கெர்சன் புத்தகத்தைத் தூக்கிப் போட்டுவிட்டு எழுதினவரை விற்கத் தொடங்கினார். கடையில் வந்து நிற்கிறவன் எதைப் பார்த்துக்கொண்டு நிற்கிறான் என்று கவனித்தார். அந்த மனிதரிடம் எனக்குப் பிடித்தது இதுதான்.

#4 பொள்ளாச்சிப்பையன்

மன்னிக்கணும், இது தரகு தானே? பொள்ளாச்சி மாட்டுச் சந்தையில் என் தாத்தா காலத்திலிருந்து நடப்பதுதான். தரகர் இரண்டு பக்கத்து ஆளையும் தெரிந்து வைத்திருப்பார். துண்டுக்குள் கையை விட்டு விரலைப் பிடித்து விலை பேசுவார்கள், பக்கத்தில் நிற்பவனுக்குக்கூடத் தெரியாது. அந்தத் தரகருக்கு நாம் வேட்டியும் நூறு ரூபாயும் கொடுத்து அனுப்புகிறோம். அதையே ஒருவர் நியூயார்க்கில் செய்தால் தொழில்முனைவோர், தொலைநோக்கு, ஆஹா ஓஹோ!

#5 ஹட்சன்கரை

தரகுதான் தம்பி, மறுக்கவில்லை. ஆனால் உங்கள் தாத்தாவுக்கு இருநூறு முகம் தெரிந்திருக்கும். ஜிஎல்ஜி 2021 அக்டோபரில் பங்குச் சந்தைக்கு வர விண்ணப்பம் கொடுத்தபோது சுமார் பத்து லட்சம் நிபுணர்கள் பட்டியலில் இருப்பதாகச் சொன்னது. பட்டியலைச் சேர்ப்பதைவிடப் பெரிய வேலை, கேட்கிற கேள்விக்கு அதில் சரியான பத்துப் பேரை ஒரே நாளில் எடுத்துக் கொடுப்பது. அந்தப் பங்கு வெளியீடு நடக்கவில்லை, பின்வாங்கிவிட்டார்கள் என்பது தனிக் கதை.

இன்னொன்று, காலமும் அவருக்கு வாய்த்தது. 2000 வரைக்கும் அமெரிக்காவில் பெரிய முதலீட்டாளருக்குத் தகவல் வேண்டுமென்றால் கம்பெனியின் நிதி அதிகாரியையே அழைத்துத் தனியாகப் பேசிக்கொள்வார். அந்த ஆண்டு அக்டோபரில் ரெகுலேஷன் எஃப்டி என்ற விதி அமலுக்கு வந்தது. கம்பெனி எதைச் சொன்னாலும் எல்லோருக்கும் ஒரே நேரத்தில் சொல்ல வேண்டும், வேண்டியவர் காதில் மட்டும் ஓதக் கூடாது. முன்வாசல் அடைபட்டது. 2003-ல் பத்துப் பெரிய வால்ஸ்ட்ரீட் நிறுவனங்கள் தங்கள் ஆய்வறிக்கைகள் பாரபட்சமானவை என்ற வழக்கில் 1.4 பில்லியன் டாலர் கொடுத்து சமரசம் செய்தன. அறிக்கையின் மேல் இருந்த நம்பிக்கையும் போனது. கம்பெனிக்காரனிடம் கேட்க முடியாது, அறிக்கையை நம்ப முடியாது என்றால் யாரிடம் கேட்பது? சப்ளையரிடம், டீலரிடம், ஓய்வு பெற்ற மேலாளரிடம், டாக்டரிடம். அப்போது அந்தத் தெருவில் ஏற்கெனவே கடை திறந்து வைத்திருந்தவர் கெர்சன்.

விதி வரும் என்று கணித்துக் கடை போட்டார் என்று நான் சொல்ல மாட்டேன். மழை வருவதற்கு முன்பே குடைக்கடை வைத்திருந்தார், அவ்வளவுதான்.

#6 பங்குப்பித்தன்

மும்பையிலிருந்து எழுதுகிறேன். நான் மறுமுனையில் உட்கார்ந்து கேள்வி கேட்கிற ஜாதி. உள்ளே என்ன நடக்கிறது என்று சொல்கிறேன்.

ஒரு டைல்ஸ் கம்பெனிப் பங்கை வாங்கலாமா என்று பார்க்கிறோம் என்று வைத்துக்கொள்ளுங்கள். அறிக்கையில் "விநியோக வலையமைப்பு வலுவாக உள்ளது" என்று எழுதியிருப்பான். எல்லாக் கம்பெனியும் அதைத்தான் எழுதும். நெட்வொர்க்கிடம் சொல்லி மதுரையில் இருபது வருடம் டைல்ஸ் டீலராக இருந்த ஒருவரைப் பிடித்தோம். "சார், அவங்க சரக்கு நல்லாத்தான் இருக்கும். ஆனா உடைஞ்ச பெட்டிக்கு கிரெடிட் நோட் வாங்க மூணு மாசம் நடக்கணும். அதனால மேஸ்திரி கேட்டா மட்டும்தான் எடுத்துக் காட்டுவேன்" என்றார். முன்னூறு பக்க ஆண்டறிக்கையில் இந்த ஒரு வரி கிடையாது. அதற்குத்தான் காசு.

நிபுணர் கேட்கும் கட்டணத்தைப் போல இரண்டு மூன்று மடங்கை எங்களிடம் வாங்குவார்கள். பெரிய ஃபண்டுகள் ஆண்டுச் சந்தாவே கட்டிவைக்கும். இடையில் நிற்பவருக்கு அதுதான் வருமானம். மாட்டுத் தரகருக்கும் இவருக்கும் ஒரு வித்தியாசம்: பேச்சு தொடங்கியதும் இவர் ஒதுங்கிவிடுவார். துண்டுக்குள் எந்த விரலை யார் பிடித்தார் என்று அவருக்கே தெரியாது.

#7 வார்டு_ரவுண்ட்ஸ்

கடைசி வரியைப் பிடித்துக்கொள்கிறேன். இந்தத் தொழிலின் சங்கடம் முழுக்க அங்கேதான் இருக்கிறது. நான் மருத்துவர். எங்கள் ஆட்கள்தான் இதில் முதலில் மாட்டிக்கொண்டார்கள்.

மருந்துச் சோதனையில் இருக்கும் டாக்டர்கள் வால்ஸ்ட்ரீட்காரர்களிடம் ரகசியத்தைச் சொல்லிவிடுகிறார்கள் என்று 2005-லேயே சியாட்டில் டைம்ஸ் விசாரித்து எழுதியது. பெரிய வெடி 2008-ல். மிச்சிகன் பல்கலைக்கழக நரம்பியல் பேராசிரியர் சிட்னி கில்மன், அல்சைமர் மருந்து ஒன்றின் சோதனையில் பாதுகாப்புக் கண்காணிப்புக் குழுவின் தலைவர். மருந்து எலான், வையத் என்ற இரண்டு கம்பெனிகளுடையது. மணிக்கு ஆயிரம் டாலர் வாங்கிக்கொண்டு முதலீட்டாளர்களோடு பேசிவந்தார். அப்படிப் பேசியவர்களில் ஒருவர் எஸ்ஏசி கேப்பிட்டல் என்ற ஹெட்ஜ் ஃபண்டின் மேத்யூ மார்டோமா. அறிமுகம் செய்து வைத்தது ஜிஎல்ஜி.

நாற்பதுக்கு மேற்பட்ட சந்திப்புகள். தொழில்முறைப் பேச்சு நட்பாகிவிட்டது. சோதனை முடிவுகளை மாநாட்டில் வெளியிட கில்மனையே தேர்ந்தெடுத்தார்கள். மாநாட்டுக்குப் பத்து நாள் இருக்கும்போது, ஒரு சனிக்கிழமை, மார்டோமா விமானம் ஏறி அவர் அலுவலகத்துக்கே போய்விட்டார். சொன்ன காரணம், அந்த ஊரில் இருந்த மாமா இறந்துவிட்டார், சாவுக்கு வர முடியவில்லை, துக்கம் விசாரிக்க வந்தேன் என்பது. கிழவர் ஸ்லைடுகளைக் காட்டிவிட்டார். அடுத்த வாரம் எஸ்ஏசி இரண்டு கம்பெனிப் பங்குகளையும் விற்றுத் தள்ளியது. 2008 ஜூலை 29-ல் முடிவு வெளியானது. மறுநாள் எலான் பங்கு சுமார் 40 சதவீதம் சரிந்தது. லாபமும் தப்பித்த நஷ்டமும் சேர்த்து 276 மில்லியன் டாலர் என்று அரசு தரப்பு கணக்கிட்டது. 2014-ல் மார்டோமாவுக்கு ஒன்பது ஆண்டு சிறை. கில்மன் சாட்சி சொல்லித் தப்பித்தார். ஆனால் வாழ்நாள் முழுக்க வேலை பார்த்த பல்கலைக்கழகம் அவர் பெயரையே துடைத்துவிட்டது.

கெர்சன் கம்பெனியின் மீது வழக்கு இல்லை. சரி. ஆனால் அறிமுகம் செய்தவருக்குப் பொறுப்பே இல்லையா?

#8 ஸ்கார்பரோவாசி

ஹெட்ஜ் ஃபண்டு நடத்தின எங்கட ராஜ் ராஜரத்தினமும் இந்த நெட்வொர்க்கால்தானே உள்ளே போனவர்? கொழும்பில் பிறந்த தமிழர், பில்லியனர் எண்டு இங்கே எல்லாரும் பெருமையாகக் கதைத்த காலம் ஒண்டு இருந்தது. 2009 அக்டோபரில் கைது எண்டதும் கடைகளில் பேப்பர் முடிஞ்சு போச்சு.

#9 ஹட்சன்கரை

இல்லை அண்ணை, இரண்டும் கலந்துபோய்விட்டது. ராஜரத்தினம் எந்த நெட்வொர்க்குக்கும் சந்தா கட்டித் தகவல் வாங்கி மாட்டவில்லை. அவருடையது சொந்த நெட்வொர்க். வார்ட்டன் வணிகப் பள்ளியில் கூடப் படித்த அனில் குமார் மெக்கின்சி என்ற ஆலோசனைக் கம்பெனியில் இருந்தார், அவருக்கு ஆண்டுக்கு ஐந்து லட்சம் டாலர். இப்படி நண்பர்கள், நண்பர்களின் நண்பர்கள். போனை ஒட்டுக் கேட்டுப் பிடித்தார்கள். 2011-ல் பதினொரு ஆண்டுத் தண்டனை.

ஆனால் அந்த விசாரணையின் கிளைதான் எக்ஸ்பர்ட் நெட்வொர்க் பக்கம் திரும்பியது. கலிஃபோர்னியாவில் பிரைமரி குளோபல் ரிசர்ச் என்று ஒரு சிறிய கம்பெனி. அதன் ஆலோசகர்களில் பலர் ஓய்வு பெற்றவர்கள் இல்லை, நடப்பு வேலையில் இருந்தவர்கள். ஆப்பிளுக்கு உதிரிபாகம் செய்து கொடுத்த ஃபிளெக்ஸ்டிரானிக்ஸின் அதிகாரி ஒருவர் 2009 அக்டோபரில் போனில், ஆப்பிள் புதிதாக ஒன்று செய்கிறது, உள்ளே அதை கே48 என்பார்கள், பேரைச் சொன்னாலே வேலை போய்விடும் என்கிற மாதிரிப் பேசியிருக்கிறார். அந்தப் பேச்சு எஃப்பிஐ கையில் பதிவாகிவிட்டது. ஐபேட் என்ற பெயரில் அது வெளிவந்தது அடுத்த வருடம். வேலை போய்விடும் என்று தெரிந்தும் அந்த வாய் நிற்கவில்லை பாருங்கள். 

டாக்டர் கேட்டது நியாயமான கேள்வி. என் பதில் பாதி ஆம், பாதி இல்லை. பிரைமரி குளோபலில் அந்தக் கம்பெனி ஊழியர்களே குற்றவாளிகள், ஒருவர் சிறைக்கும் போனார். ஜிஎல்ஜியில் சொந்தக் கம்பெனியைப் பற்றிப் பேசக் கூடாது, ரகசியம் பேசக் கூடாது என்ற விதியெல்லாம் முன்பே இருந்தது. இரண்டையும் ஒரே தராசில் வைக்க முடியாது. ஆனாலும் கில்மன் மாதிரி நடந்துகொண்டிருக்கும் சோதனையில் உட்கார்ந்திருப்பவரைப் பட்டியலில் வைத்து, அந்தப் பங்கையே வைத்திருப்பவரோடு நாற்பது தடவை பேசவிட்டால் எத்தனை தடவைக்குக் கிழவர் தாங்குவார்? கெர்சன் கண்டுபிடித்த பொருளின் சுவை, எழுத்தில் வராதது பேச்சில் வரும் என்பது. சட்டச் சிக்கலும் அதேதான். எழுத்தில் வராதது பேச்சில் வந்துவிடும்.

#10 மலுமிச்சம்பட்டிக்காரன்

நீங்கள் எல்லோரும் சேர்ந்து எனக்கு வயிற்றைக் கலக்கிவிட்டீர்கள். எங்கள் கம்பெனி பிரைவேட் லிமிடெட்தான், பங்குச் சந்தையில் இல்லை. ஆனால் நாங்கள் மோட்டார் செய்து கொடுத்த பெரிய கம்பெனி ஒன்று பட்டியலிட்ட கம்பெனி. அடுத்த வருடம் எவ்வளவு எடுப்பார்கள் என்பது வரை எனக்குத் தெரியும். ஐந்து மாதத்துக்கு முந்தைய கணக்குத்தானே, பேசலாமா கூடாதா?

#11 பங்குப்பித்தன்

பம்புச் சந்தை பற்றிப் பேசுங்கள். நீங்கள் மோட்டார் செய்து கொடுத்த அந்தக் கம்பெனியைப் பற்றி மட்டும் வாயைத் திறக்காதீர்கள்.

பங்குச் சந்தையைக் கண்காணிக்கும் செபியின் 2015 விதியில் "தொடர்புடைய நபர்" என்ற வரையறை இருக்கிறது. ஒரு கம்பெனியோடு தொழில் உறவில் இருந்து உள்விவரம் தெரிய வாய்ப்புள்ளவர், கடந்த ஆறு மாதத்துக்குள் அப்படி இருந்திருந்தாலும் அதில் வருவார். உங்களுக்கு ஐந்து மாதம் என்கிறீர்கள். ஆறு தாண்டினாலும் வெளிவராத, விலையை அசைக்கக்கூடிய தகவல் என்றால் யார் சொன்னாலும் தப்புத்தான். ஓய்வு பெறும்போது எதிலாவது கையெழுத்துப் போட்டிருந்தால் அதையும் எடுத்துப் படியுங்கள்.

செம்புக் கம்பி விலை ஏறினால் யார் தாங்குகிறார்கள், விவசாயி எப்போது பழைய மோட்டாரை ரீவைண்டிங் செய்வார், எப்போது புதிது வாங்குவார்... இதெல்லாம் உங்கள் 26 வருட அனுபவம், தாராளமாகப் பேசலாம். "அவங்க ஆர்டர் கூடுதா குறையுதா" என்று கேட்டால் "இதற்கு நான் பதில் சொல்ல முடியாது" என்று ஒரே வாக்கியம். நல்ல ஃபண்டுக்காரன் அதோடு விட்டுவிடுவான். வேறு மாதிரி சுற்றி வளைத்துக் கேட்டால் போனை வையுங்கள்.

#12 முன்னாள்_அசோசியேட்

நான் குருகிராமில் இப்படி ஒரு கம்பெனியில் (பெயர் வேண்டாம்) ஒன்றரை வருடம் இருந்தவள். ஐயாவுக்குச் செய்தி அனுப்பிய பெண் இருக்கும் நாற்காலியில்தான் நானும் இருந்தேன்.

காலை பத்து மணிக்கு வேலை வரும்: "தென்னிந்தியாவில் கோழித் தீவனம் வாங்கும் முடிவெடுத்தவர்கள், ஐந்து பேர், நாளை மாலைக்குள்." அப்புறம் நாள் முழுக்கத் தேடல், செய்தி, போன். நாமக்கல்லில் ஒருவரைப் பிடிக்க மூன்று நாள் அலைந்தேன். லிங்க்ட்இன்னில் அவர் இல்லை. கடைசியில் அவர் மருமகன் மூலமாகக் கிடைத்தார். "நான் என்ன நிபுணர் தங்கச்சி, தீவனம் வாங்கிப் போட்டேன்" என்றார். அந்த வாரம் எங்களிடம் பேசியவர்களில் வாடிக்கையாளர் மறுபடி கேட்டது அவரை மட்டும்தான்.

மாத இலக்கு அழைப்புகளின் எண்ணிக்கையில்தான். அதனால் விதிகளை வரிவரியாக விளக்கச் சொல்லிப் பயிற்சி கொடுத்துவிட்டு, மாதக் கடைசியில் "அந்த அழைப்பு ஏன் இன்னும் நடக்கவில்லை" என்று மேலாளர் தலைமாட்டில் வந்து நிற்பார். ஒருமுறை நிபுணருக்கு மூன்று மாதம் காசு போகவில்லை, திட்டு வாங்கியது நான். ஐயா, கட்டணத்தையும் எத்தனை நாளில் தருவார்கள் என்பதையும் மின்னஞ்சலில் வாங்கிக்கொள்ளுங்கள்.

#13 வெட்டிவேலை

சரி, கெர்சன் இப்போது என்ன செய்கிறார்? அதைச் சொல்லாமல் எல்லோரும் சிறைக்கே போய்க்கொண்டிருக்கிறீர்கள்.

#14 ஹட்சன்கரை

தினசரி நிர்வாகத்தை வேறொருவரிடம் கொடுத்துவிட்டு அவர் விலகிப் பல வருடம் ஆயிற்று. அலெக்சாண்டர் செயின்ட்அமண்ட் என்பவர்தான் நீண்ட காலம் தலைமைச் செயல் அதிகாரி. கம்பெனி வளர்ந்ததில் அவர் பங்கைக் குறைத்துச் சொல்லக் கூடாது, பெயர் பலகையில் இருப்பவரையே நாம் நினைவில் வைத்துக்கொள்கிறோம். லேர்மன் சீக்கிரமே அரசு வேலைப் பக்கம் போய்விட்டார்.

கெர்சன் அப்புறம் அமெரிக்கக் கால்பந்து வீரர் டிக்கி பார்பரோடு சேர்ந்து துசியோ என்று ஒன்று தொடங்கினார். பிரபலமான விளையாட்டு வீரர்களை நிகழ்ச்சிக்கு, விருந்துக்கு நேரக்கணக்கில் அழைக்கலாம். அதே மூளைதான் பாருங்கள், இங்கேயும் மனிதரின் நேரத்தைத்தான் விற்கிறார். 2021-ல் அதை டிரில்லர் என்ற வீடியோ செயலிக் கம்பெனி வாங்கிக்கொண்டது. ஜிஎல்ஜி அளவுக்கு அது எடுபடவில்லை என்பது என் கருத்து. நட்சத்திரத்தோடு பேசுவது ஆசை. தீவனக்காரரோடு பேசுவது தேவை.

இப்போது அவர் பெயர் அதிகம் அடிபடுவது தொண்டு வேலையில். இஸ்ரேலில் யுனைடெட் ஹட்சலா என்ற அமைப்பின் தலைவர். யாராவது மயங்கி விழுந்தால் ஆம்புலன்ஸ் வரும் முன்பே பக்கத்துத் தெருத் தன்னார்வலர் மருத்துவப் பெட்டியோடு மோட்டார் சைக்கிளில் போய்ச் சேருவார். இன்னொன்று, கல்லூரித் தோழர் ஒருவர் ஆப்பிரிக்காவில் டாக்டர். அவரோடு சேர்ந்து அங்குள்ள கிறிஸ்தவ மிஷன் ஆஸ்பத்திரிகளுக்கு உதவும் அமைப்பு. யூதர் ஒருவர் மிஷன் டாக்டர்களுக்கு ஐந்து லட்சம் டாலரில் ஆண்டு விருது வைத்திருக்கிறார். ஜெர்சி சிட்டி பள்ளிக்கூட வாத்தியார் இன்னும் உள்ளே இருக்கிறார் போல.

#15 வார்டு_ரவுண்ட்ஸ்

விருது விஷயம் எனக்குப் புதிது. மிஷன் ஆஸ்பத்திரியில் பயிற்சி பெற்றவன் என்பதால் கொஞ்சம் இளகினேன். கில்மன் விஷயத்தில் இளகவில்லை.

#16 பங்குப்பித்தன்

தொழில் இப்போது எங்கே போகிறது என்றும் சொல்லிவிடுகிறேன். சீனாவில் கேப்விஷன் என்ற பெரிய நெட்வொர்க்கின் அலுவலகங்களுக்குள் 2023-ல் பாதுகாப்புத் துறை நுழைந்தது, அரசுத் தொலைக்காட்சியே காட்டியது. அங்கே பயம் பங்கு விலை பற்றியது இல்லை, தேச ரகசியம்.

அதைவிட சுவாரசியமானது டீகஸ். நிபுணர்களோடு நடந்த உரையாடல்களை எழுத்தாக்கி, நூலகமாகச் சேர்த்து, சந்தாவுக்கு விற்ற கம்பெனி. 2024-ல் ஆல்ஃபாசென்ஸ் அதை 930 மில்லியன் டாலருக்கு வாங்குவதாக அறிவித்தது. ஒருவர் ஒருமுறை பேசினால் போதும், ஆயிரம் பேர் படிப்பார்கள். கெர்சன் புத்தகத்தில் தொடங்கிப் பேச்சுக்கு வந்தார், பேச்சு மறுபடி புத்தகமாகிக்கொண்டிருக்கிறது. எங்கள் ஆபீஸில் புதிதாக வந்த பையன்கள் முதலில் அதைத்தான் தேடுகிறார்கள்.

#17 பொள்ளாச்சிப்பையன்

துண்டை எடுத்துவிட்டார்கள் என்று சொல்லுங்கள்.

#18 மலுமிச்சம்பட்டிக்காரன்

பேசிவிட்டேன். எல்லோருக்கும் நன்றி, குறிப்பாக அந்தத் தங்கச்சிக்கு. மணிக்கு 120 டாலர் என்று மின்னஞ்சலில் உறுதி வாங்கினேன், பேரம் பேசாமல் சரி என்றார்கள். குறைத்துக் கேட்டுவிட்டேனோ என்று அப்போதே தோன்றியது.

38 நிமிடம். இளம் குரல், ஆங்கிலம், மரியாதையாகப் பேசினார். ஐந்து ஹெச்பி நீர்மூழ்கி மோட்டார் எத்தனை வருடத்தில் எரியும் என்று கேட்டார். "மோட்டார் எரிவது வருடத்தை வைத்து இல்லை, வோல்டேஜை வைத்து" என்றேன். எதிர்முனையில் கீபோர்டு சத்தம் கேட்டது. அங்கிருந்து இருபது நிமிடம் அதையே பேசினோம். ரீவைண்டிங் கடைக்காரர் சொல்லும் பிராண்டைத்தான் விவசாயி வாங்குவார் என்றதும் திருப்பிச் சொல்லச் சொன்னார். முப்பதாவது நிமிடத்தில் நாங்கள் மோட்டார் செய்து கொடுத்த கம்பெனியின் பெயர் வந்தது. பதில் சொல்ல முடியாது என்றேன். "புரிகிறது" என்று அடுத்த கேள்விக்குப் போய்விட்டார்.

என்னோடு பேசிய வாடிக்கையாளர் யார் என்று கடைசி வரை சொல்லவில்லை. பணம் வரும்போது வங்கியில் ஏதாவது கேட்பார்களா? வருமான வரியில் இதை எங்கே காட்டுவது?

#19 பங்குப்பித்தன்

வெளிநாட்டிலிருந்து வந்தால் எதற்கான பணம் என்று பர்பஸ் கோட் கேட்பார்கள், ஆலோசனைச் சேவை என்று சொல்லுங்கள். வரியில் சம்பளமும் இல்லை, பென்ஷனும் இல்லை, தொழில் வருமானமாக வரும். படிவம் மாறலாம், உங்கள் ஆடிட்டரிடம் இன்வாய்ஸையும் அந்த மின்னஞ்சலையும் கொடுத்துவிடுங்கள். அடுத்த முறை 200 கேளுங்கள்.